நகையைத் திருப்பிப் பார்த்தீர்களா?

ஆசிரியருக்கு வணக்கம்.

போன ஞாயிறு இணைப்பில் ஐரோப்பாவின் நடுக்கால நகைகளைப் பற்றி வந்த இரண்டு பக்கக் கட்டுரையைப் படித்தேன். படங்கள் அருமை. ஆனால் கட்டுரை முழுக்க இரண்டே விஷயத்தைத்தான் சுற்றிச் சுற்றி வந்தது: ராஜாக்களும் பிரபுக்களும் பகட்டுக்காகப் போட்டார்கள், மற்றவர்கள் கல்லுக்குச் சக்தி இருக்கிறது என்று மூடத்தனமாக நம்பினார்கள். இரண்டும் முழுப் பொய் என்று சொல்ல மாட்டேன். ஆனால் இவ்வளவுதானா என்று படித்து முடித்ததும் ஒரு எரிச்சல் வந்தது, அதனால்தான் இந்தக் கடிதம், கொஞ்சம் நீளமாகப் போகும், வெட்டிப் போட்டாலும் பரவாயில்லை.

நான் ஒரு வங்கியில் நகை மதிப்பீட்டாளராக இருந்து ஓய்வு பெற்றவன். கைக்கு ஒரு நகை வந்தால் நாங்கள் முதலில் அதைத் திருப்பித்தான் பார்ப்போம். முன்பக்கம் ஊர் பார்ப்பதற்காகச் செய்தது. பற்றவைத்த இடம், அரக்கு, முத்திரை, உடைந்து பழுது பார்த்த தடம் எல்லாம் பின்னால்தான் இருக்கும். உங்கள் கட்டுரையில் வந்த படங்கள் ஒன்று விடாமல் முன்பக்கப் படங்கள். அப்புறம் பகட்டு மட்டும்தானே கண்ணில் படும்?

மகள் குடும்பம் இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் இருப்பதால், பக்கத்தில் இருக்கும் யார்க் நகரத்து அருங்காட்சியகத்தில் மிடில்ஹாம் பதக்கத்தை நேரில் பார்க்க எனக்கு வாய்த்தது. மிடில்ஹாம் கோட்டைக்குப் பக்கத்தில் 1985இல் மெட்டல் டிடெக்டர் வைத்துத் தேடியபோது மண்ணுக்குள்ளிருந்து கிடைத்தது, 1992இல் அருங்காட்சியகம் 25 லட்சம் பவுண்டு திரட்டி வாங்கியது. 15ஆம் நூற்றாண்டு வேலை. சாய்சதுரமான தங்கப் பதக்கம், உயரம் ஆறரை சென்டிமீட்டருக்குள்தான், மேல் முனையில் ஒரு நீலக்கல். கல்லுக்குக் கீழே சிலுவையில் இயேசு, ஓரம் சுற்றி லத்தீன் எழுத்து. ‘உலகின் பாவங்களைப் போக்கும் இறைவனின் செம்மறியே, எங்கள்மேல் இரக்கமாயிரும்’ என்று கோயிலில் பூசையில் சொல்லும் அதே வாசகம். அது முடிந்த கையோடு இரண்டு சொற்கள் வருகின்றன: ‘டெட்ராகிராமட்டன்’, ‘அனனிசாப்டா’. முன்னது கடவுளின் நான்கெழுத்துப் பெயரைக் குறிப்பது. பின்னது காக்கை வலிப்பு வராமல் தடுக்கச் சொல்லப்பட்ட மந்திரச் சொல்.

பின்பக்கத்துக்கு வாருங்கள். அங்கே மாட்டுத் தொழுவத்தில் குழந்தை பிறந்த காட்சி, சுற்றிலும் புனிதர்கள் வரிசையாக நிற்கிறார்கள், ஒவ்வொரு முகமும் கடுகளவு. அந்தப் பின்தகடு அசையாமல் பற்றவைத்தது இல்லை, தள்ளினால் நகரும். உள்ளே குழிவு. எடுத்தபோது அதற்குள் பட்டுத் துணுக்கும் தங்க இழையும் இருந்தன. நம் ஊரில் இதைப் பார்த்தால் யாரும் பதக்கம் என்று சொல்ல மாட்டார்கள், தாயத்து என்றுதான் சொல்வார்கள். போட்டிருந்தவர் யார் என்று தெரியாது. பிரசவத்துக்குப் பயந்த ஒரு பெரிய வீட்டுப் பெண்ணாக இருக்கலாம் என்று, அந்தப் பிறப்புக் காட்சியை வைத்துச் சொல்கிறார்கள். இருக்கலாம். ஒன்று மட்டும் எனக்குப் பட்டது: ஊருக்குக் காட்டத்தான் இதைச் செய்தார்கள் என்றால், நெஞ்சோடு ஒட்டிக் கிடக்கிற பக்கத்தில் இவ்வளவு கூலி கொடுத்து இவ்வளவு நுணுக்கமாக எவர் செதுக்கச் சொல்வார்?

இதே ‘அனனிசாப்டா’ லண்டனில் பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கும் கவென்ட்ரி மோதிரத்திலும் இருக்கிறது. நல்ல அகலமான தங்க மோதிரம். வெளிப்பக்கம் கல்லறையிலிருந்து எழுந்து நிற்கும் இயேசு, அவருடைய ஐந்து காயங்கள், ஒவ்வொரு காயத்துக்கும் பக்கத்தில் ‘இரக்கத்தின் ஊற்று’, ‘ஆறுதலின் ஊற்று’ என்கிற மாதிரி ஒரு பெயர். உள்பக்கம், விரல் தோலில் படுகிற பக்கம், ‘கடவுளின் ஐந்து காயங்களே எனக்கு மருந்து’ என்று ஆரம்பிக்கிறது, அப்புறம் குழந்தை இயேசுவைத் தேடி வந்த மூன்று ராஜாக்களின் பெயர்கள், கடைசியில் மிடில்ஹாம் பதக்கத்தில் பார்த்த அதே இரண்டு சொற்கள். அந்த மூன்று ராஜாக்களின் பெயர்களும் வலிப்புக்குக் காவல்தான். விரலில் போட்டிருப்பவருக்கே கழற்றினால்தான் எழுத்து தெரியும். படிப்பதற்காக எழுதியதில்லை, உடம்பில் படுவதற்காக எழுதியது.

உடம்பில் படுவது என்பதை அந்தக் காலத்து ஆட்கள் ரொம்பத் தீவிரமாகவே எடுத்துக்கொண்டார்கள். பல மோதிரங்களில் கல் வைத்த கூட்டின் அடிப்பக்கம் திறந்தே இருக்கும், கல் நேரே தோலில் உட்காரும். தேரைக்கல் வைத்த மோதிரம் என்று ஒன்று உண்டு, பழுப்பு நிறத்தில் பொத்தான் மாதிரி ஒரு கல், தேரையின் தலைக்குள் விளைவது என்றும் விஷம் பக்கத்தில் வந்தால் காட்டிக்கொடுக்கும் என்றும் சொன்னார்கள். உண்மையில் அது கோடிக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த ஒரு மீனின் பல், கல்லாகிப் போனது. அடகுக்கு வந்திருந்தால் கல் எடையைக் கழித்துவிட்டுத் தங்கத்துக்கு மட்டும்தான் நான் மதிப்புப் போட்டிருப்பேன். ஆனால் சாப்பாட்டில் எவன் என்ன கலந்திருக்கிறானோ என்று தினமும் பயந்துகொண்டு உட்காருகிறவனுக்கு அந்தக் கல்தான் பெரிசு, தங்கம் அதைப் பிடித்துக்கொள்ள ஒரு கூடு.

உங்கள் கட்டுரையாளர் இதையெல்லாம் ‘அறியாமை’ என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். எனக்கு அது நியாயமாகப் படவில்லை. கற்களின் குணங்களைப் பற்றி அந்தக் காலத்தில் எல்லாரும் படித்த நூலை எழுதியவர் பிரான்சின் ரென் நகரத்து ஆயர் மார்போட், 11ஆம் நூற்றாண்டில், செய்யுளாகவே எழுதினார். அதாவது இது நாட்டுப்புறத்துக் கிழவி சொன்ன கதை இல்லை, படித்தவர்களின் மருத்துவம். இங்கிலாந்தின் செயின்ட் ஆல்பன்ஸ் மடத்தில் மேத்யூ பாரிஸ் என்ற துறவி 1257 வாக்கில் மடத்தின் நகைகளை ஒவ்வொன்றாகப் படம் வரைந்து, எடையும் குறித்து, யார் கொடுத்தது என்றும் எழுதி வைத்தார் (எங்கள் தொழிலுக்கு அவரை மூதாதை என்றே சொல்வேன்). அதில் ஒன்று உருவம் செதுக்கிய பெரிய கல், எத்தல்ரெட் என்ற பழைய ராஜா கொடுத்தது. பிரசவ வலி கண்ட பெண்ணின் மார்புக்கு நடுவில் அதை வைத்து மெல்ல மெல்லக் கீழே இறக்கினால் குழந்தை அதற்குப் பயந்து வெளியே வந்துவிடும் என்று எழுதியிருக்கிறார். கல்யாணமே ஆகாத துறவிகள் மடத்தில் பிரசவத்துக்கு ஒரு கல்! சிரிப்பு வரத்தான் செய்கிறது. ஆனால் பிரசவத்தில் பெண்கள் செத்துக்கொண்டே இருந்த காலம், கையில் பிடித்துக்கொள்ள வேறு என்ன இருந்தது?

ராஜாக்கள், பிரபுக்கள் என்றே கட்டுரை பேசியதால் இதையும் சொல்லிவிடுகிறேன். 14ஆம் நூற்றாண்டில் லண்டனில் ரிச்சர்ட் டி பிரஸ்டன் என்று ஒரு மளிகை வியாபாரி இருந்தார். தன்னிடம் இருந்த நீலக்கற்களில் உசத்தியானதைச் செயின்ட் பால் பேராலயத்தில் புனித எர்க்கன்வால்ட் சமாதிக்குக் கொடுத்தார். எதற்கு என்றால், கண் நோய் உள்ளவர்கள் வந்து குணம் பெறுவதற்கு. நீலக்கல் கண்ணுக்குக் குளிர்ச்சி என்பது அவர்கள் கணக்கு. ஒரு மளிகைக்காரர் தன் கல்லை ஊர்க் கண்ணுக்கு மருந்தாக வைத்துவிட்டுப் போயிருக்கிறார், இதைப் பகட்டுக் கணக்கில் எப்படி எழுதுவது?

எல்லாமே நோயும் பயமுமாக இருந்ததாகவும் நினைத்துவிட வேண்டாம். கழுத்துப் பக்கம் சட்டையின் பிளவைச் சேர்த்துக் குத்துகிற வளையம், நடுவில் ஒரு ஊசி, ப்ரூச் வகைதான், ஆணும் பெண்ணும் போட்டார்கள். அதில் பிரெஞ்சில் எழுதி வைப்பார்கள். ‘அன்பருக்குப் பதிலாக நான் இங்கே இருக்கிறேன்’ என்று நகையே பேசும், அந்த வாசகம் பல ப்ரூச்சுகளில் கிடைத்திருக்கிறது. எனக்கு ரொம்பப் பிடித்தது இன்னொன்று: ‘மார்பைக் காக்கும் ஊசி நான், எந்தப் போக்கிரியும் இங்கே கை வைக்காதபடிக்கு.’ யார் எழுதச் சொல்லியிருப்பார்கள், போட்டவளா, வாங்கிக் கொடுத்தவனா? கேலியா, நிஜமாகவே எச்சரிக்கையா? இரண்டு பேருக்கும் தெரிந்திருக்கும், நமக்கு எதற்கு.

அரசியலுக்கு வருவோம். டன்ஸ்டபிள் அன்னம் என்று ஒரு சின்ன நகை, 1965இல் இங்கிலாந்தின் டன்ஸ்டபிள் ஊரில் பழைய மடம் இருந்த இடத்தைத் தோண்டியபோது கிடைத்தது, இப்போது பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கிறது. 1400ஐ ஒட்டிய காலம். தங்கத்தில் அன்னம் செய்து மேலே வெள்ளை எனாமல், கழுத்தில் ஒரு குட்டிக் கிரீடம், அதிலிருந்து சங்கிலி. கண்காட்சிப் பெட்டியில் பார்த்தால் அழகான பொம்மை. பின்னால் ஊசியும் கொக்கியும் இருக்கிறது, உடையில் குத்திக்கொள்ள. அன்னம் போஹுன் என்ற பிரபுக் குடும்பத்தின் சின்னம், அந்தக் குடும்பத்துப் பெண்ணை மணந்த வழியில் அரச வம்சத்தின் ஒரு கிளையான லங்காஸ்டர் ஆட்களுக்கும் வந்தது. குத்தியிருப்பவன் யாருடைய ஆள் என்று தூரத்திலிருந்தே தெரிந்துவிடும், நம் ஊர்க் கரை வேட்டி செய்கிற வேலைதான். எதிர்ப்பக்கம் இங்கிலாந்து ராஜா இரண்டாம் ரிச்சர்ட் தன் ஆட்களுக்கு வெள்ளைக் கலைமான் சின்னம் கொடுத்தார். லண்டன் நேஷனல் கேலரியில் இருக்கும் வில்டன் ஓவியத்தில் மாதாவைச் சுற்றி நிற்கிற தேவதூதர்கள் பதினொரு பேரும் ராஜாவின் கலைமானைக் குத்திக்கொண்டு நிற்கிறார்கள், சொர்க்கமே நம் கட்சி என்று! வெளியே நிலைமை அவ்வளவு அழகாக இல்லை. பெரிய மனிதரின் சின்னத்தைக் குத்திக்கொண்டு கீழே உள்ளவர்கள் செய்த அட்டகாசம் தாங்காமல் நாடாளுமன்றத்தில் திரும்பத் திரும்பப் புகார் எழுந்து, 1390இல் யார் யாருக்குச் சின்னம் கொடுக்கலாம் என்று கட்டுப்பாடு கொண்டுவர வேண்டியதாயிற்று. அதற்கு முன்னாலேயே 1363இல் கைவினைஞர்கள், சாதாரணக் குடியானவர்கள், அவர்கள் பெண்டுபிள்ளைகள் தங்கமும் வெள்ளியும் போடக்கூடாது, மோதிரம் கூடாது என்று ஒரு சட்டம் போட்டார்கள், போட்ட வேகத்தில் ரத்தும் ஆகிவிட்டது. அந்தச் சட்டத்தை உங்கள் கட்டுரையும் சொன்னது, ரத்தானதைச் சொல்லவில்லை. போடாதே என்று சட்டம் வந்தது என்றாலே கீழே இருப்பவர்களும் போட ஆரம்பித்துவிட்டார்கள் என்றுதானே அர்த்தம்?

எனக்குச் சொந்த விஷயம் அடகு. அதைக் கட்டுரை தொடவே இல்லை, ஆச்சரியம். இங்கிலாந்து ராஜா மூன்றாம் எட்வர்ட் 1339இல் தன் பெரிய கிரீடத்தையே ஜெர்மனியின் ட்ரியர் பேராயரிடம் அடகு வைத்தார், பிரான்சோடு சண்டை போடப் பணம் இல்லை. திருப்ப வருஷக்கணக்கில் ஆயிற்று. அங்கேயே பின்னால் வந்த ஐந்தாம் ஹென்றி 1415இல் பிரான்ஸ் மேல் அஜின்கோர்ட் படையெடுப்புக்குப் போனபோது, படைத்தலைவர்களுக்கு முதல் காலாண்டுச் சம்பளம் ரொக்கம், இரண்டாவது காலாண்டுக்கு ஈடாக அரண்மனை நகைகளை எடுத்துக் கொடுத்தார். குறித்த தேதிக்குள் ராஜா திருப்பிக்கொள்ள வேண்டும் என்று பத்திரமும் எழுதினார்கள். சிலவற்றை அவர் இருந்தவரை திருப்பவே இல்லை, வழக்கும் கேட்பும் அவர் மகன் காலம் வரை இழுத்தது. பவுன் நகையைக் கழுத்தில் போட்டிருக்கும்போதே இது ஆபத்துக்கு உதவும் என்று மனசில் ஒரு கணக்கு ஓடுமே, அது நம் வீட்டுப் பெண்களுக்கு மட்டும் உரியது என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். அங்கே ராஜா தலையிலேயே அந்தக் கணக்கு இருந்திருக்கிறது.

அடகு என்று வந்தால் மாற்று, அதாவது தங்கம் எவ்வளவு சுத்தம் என்று பார்த்தாக வேண்டும். இங்கிலாந்தில் 1300இல் போட்ட சட்டம், தங்கம் பாரிஸ் மாற்றுக்குக் குறையக்கூடாது, வெள்ளிச் சாமான்களுக்குச் சிறுத்தைத் தலை முத்திரை வேண்டும் என்றது. பாரிஸ் தட்டார்களுக்கு 1355இல் வந்த விதி இன்னும் சுவாரசியம்: ஸ்காட்லாந்து ஆற்று முத்தையும் கிழக்கு நாட்டு முத்தையும் ஒரே நகையில் கலந்து வைக்கக்கூடாது, கோயிலுக்குச் செய்யும் பெரிய நகைகளுக்கு மட்டும் விலக்கு. கிழக்கு நாட்டு முத்து என்றால் பாரசீக வளைகுடாவும் நம் மன்னார் வளைகுடாவும்தான். நீலக்கல்லில் பெரும்பகுதி இலங்கையிலிருந்து, அரபு வணிகர்கள் கை மாறி வெனிஸ் வழியாகப் போனது. கட்டுரை ‘கீழ்த்திசைக் கற்கள்’ என்று மூடுமந்திரமாகச் சொல்லிவிட்டுப் போகிறது. தமிழ்ப் பத்திரிகைதானே, மன்னார் என்று ஒரு வார்த்தை எழுதினால் என்ன?

எழுதியிருந்தால் மார்க்கோ போலோவும் வந்திருப்பார். 13ஆம் நூற்றாண்டின் கடைசியில் பாண்டிய நாட்டுக்கு வந்தவர், சுந்தர பாண்டியன் கழுத்தில் ஒரு பட்டுக் கயிற்றில் பெரிய முத்தும் மாணிக்கமுமாக 104 கோத்துத் தொங்கியதாக எழுதுகிறார். மேலாடை கிடையாது, உடம்பெல்லாம் நகை. எதற்கு 104 என்றால், ராஜா காலையும் மாலையும் அத்தனை முறை சாமி பெயரைச் சொல்ல வேண்டும், முன்னோர் செய்தது, கயிறும் அவர்கள் விட்டுப்போனது. (108 ஆகத்தான் இருந்திருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது.) ஒரு நகரத்தையே வாங்கக்கூடிய மாலை, அதைப் போட்டிருப்பவனுக்கு எண்ணிக்கை தவறாமல் இருக்க உதவும் கயிறு. கிட்டத்தட்ட அதே காலத்தில் பாரிஸில் ஜெபமாலை மணி செய்கிறவர்களுக்கு எலும்பு, பவளம், அம்பர் (கல்லாகிப் போன மரப்பிசின்) என்று பொருளுக்கு ஒன்றாக மூன்று தனித்தனிச் சங்கங்கள் இருந்தன. அங்கேயும் விரல்கள் எண்ணிக்கொண்டுதான் இருந்தன.

தங்கம் வாங்க வழியில்லாதவர்களுக்கு ஈயமும் தகரமும் கலந்து வார்த்த சின்னங்கள் இருந்தன. இங்கிலாந்தின் கான்டர்பரிக்கு நடந்து போய்ப் புனிதர் தாமஸ் பெக்கெட்டின் சமாதியைக் கும்பிட்டுவிட்டு, புனித நீர் அடைத்த குட்டிக் குப்பியைக் கழுத்தில் தொங்கவிட்டுக்கொண்டு திரும்புவார்கள். தேம்ஸ் ஆற்றுச் சேற்றில் இந்த மாதிரிச் சின்னங்கள் ஏராளமாகக் கிடைத்திருக்கின்றன. சரி, இது அடகுக் கடையில் ஒரு காசுக்குப் போகாது. கட்டுரையில் இதற்கு ஒரு படம்கூட இல்லை, பளபளப்பு இல்லாததால் விட்டுவிட்டீர்கள் போலிருக்கிறது.

ஆசிரியர் அவர்களுக்கு இரண்டு வேண்டுகோள். ஒன்று, இந்தத் தொடர் அடுத்த வாரமும் வரும் என்று போட்டிருக்கிறீர்கள், பின்பக்கப் படங்களையும் போடுங்கள். பிரிட்டிஷ் மியூசியத்தின் இணையதளத்தில் ஒரே பொருளைப் பல கோணத்தில் எடுத்த படங்கள் இருக்கின்றன, அனுமதி கேட்டுப் போடலாம். இரண்டாவது, ‘14ஆம் நூற்றாண்டு அரச மோதிரம்’ என்று பெரிதாகப் போட்டிருந்தீர்களே, அதில் வைரம் முழுக்கப் பட்டை தீட்டி ஜொலிக்கிறது. அந்த மாதிரி வெட்டு அந்த நூற்றாண்டில் கிடையாது. அப்போது கற்களைப் பெரும்பாலும் உருட்டி மெருகு மட்டும்தான் போட்டார்கள், வைரத்தை இயல்பான கூர்முனையோடோ, முனையைத் தேய்த்துத் தட்டையாக்கியோ வைத்தார்கள். படம் எங்கிருந்தோ நகைக் கடை விளம்பரத்திலிருந்து வந்திருக்கிறது. திருத்தம் போட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நகை மதிப்பீட்டாளர்,
நாகர்கோவில்.